எருசலேம் நமக்கு மேற்கே இருக்கிறது

சர்ச்சுகள் ஏன் கிழக்கு பார்த்து இருக்கின்றன என்று விருதுநகர்ப் பக்கம் யாரிடமாவது கேட்டால் இரண்டு பதில்கள் உடனே வரும். "எருசலேம் கிழக்கே இருக்குல்ல, அதான்" என்பது ஒன்று. "நம்ம கோயிலைப் பார்த்துக் கட்டினதுதானே, எல்லாம் வாஸ்து" என்பது இன்னொன்று. டீக்கடையில் பேச்சு இதோடு முடிந்துவிடும். ஆனால் கொஞ்சம் உரசிப் பார்த்தால் இரண்டுமே நிற்காது.

முதலில் எருசலேம். ஒரு உலக வரைபடத்தை எடுத்துப் பாருங்கள். விருதுநகரிலிருந்து எருசலேம் சுமார் 5,000 கிலோமீட்டர், அதுவும் வடமேற்கே. தேனிப் பக்கத்து மலைகளைத் தாண்டி, கேரளத்தைத் தாண்டி, அரபிக்கடலைத் தாண்டிப் போக வேண்டும். மக்காவும் ஏறக்குறைய அதே பக்கம்தான், இன்னும் கொஞ்சம் மேற்கே சாய்ந்து. ஆகவே எருசலேமைப் பார்த்து ஜெபிப்பதுதான் நோக்கம் என்றால், நம்ம ஊர் சர்ச்சில் நிற்பவர்கள் பக்கத்துத் தெருப் பள்ளிவாசலில் தொழுகிறவர்கள் பார்க்கும் திசையைத்தான் ஏறத்தாழப் பார்க்க வேண்டும். கிழக்கே திரும்பி நிற்பவர் எருசலேமுக்கு முதுகைக் காட்டுகிறார்.

லண்டனிலோ பாரிசிலோ இருந்து பார்த்தால் எருசலேம் கிழக்குப் பக்கமாக வரும், அதனால் அங்கே இந்த விளக்கம் பொருந்துகிற மாதிரித் தெரிகிறது. உலகம் முழுக்க எடுத்துக்கொண்டால் பொருந்தாது. ரஷ்யாவுக்கு எருசலேம் தெற்கே, எத்தியோப்பியாவுக்கு வடக்கே, பழைய பாரசீகத்துக்கு மேற்கே. இந்த மூன்று இடத்துத் தொன்மையான திருச்சபைகளும் ஜெபத்துக்குக் கிழக்கையே பார்த்தன. அவ்வளவு தூரம் போகவும் வேண்டாம். மலைக்கு அந்தப் பக்கம் கேரளத்தின் பழைய சிரியன் கோயில்களைப் பாருங்கள். வாசல் மேற்கே, 'மத்பஹா' என்று அவர்கள் சொல்லும் பலிபீட அறை கிழக்கே. மலங்கரை ஆர்த்தடாக்ஸ் குடும்பங்களில் வீட்டு ஜெபத்துக்கும் கிழக்கு நோக்கித்தான் நிற்கிறார்கள். அவர்களுக்கும் எருசலேம் பின்பக்கம்தான்.

இஸ்லாத்தின் கிப்லாவுக்கும் இதற்கும் உள்ள வித்தியாசம் இங்கேதான் தெளிவாகிறது. கிப்லா ஓர் இடத்தை நோக்கியது, ஆகவே ஊருக்கு ஊர் திசை மாறும். யூதர்கள் எருசலேம் நோக்கி ஜெபிப்பதும் அப்படித்தான். பாபிலோனில் தானியேல் எருசலேம் பக்கத்து ஜன்னலைத் திறந்து வைத்து ஜெபித்ததாகப் பழைய ஏற்பாடு சொல்கிறது. கிறிஸ்தவர்களின் கிழக்கு எந்த ஊரையும் நோக்கியதில்லை. சூரியன் உதிக்கிற பக்கம், அவ்வளவுதான். சைபீரியாவில் நின்றாலும் சிவகாசியில் நின்றாலும் அது கிழக்கு.

இரண்டாவது பதிலுக்குப் போகும் முன்னால் ஒரு சொல்லைச் சரிசெய்ய வேண்டியிருக்கிறது. "கிழக்கு பார்த்த வீடு" என்றால் நமக்கு என்ன அர்த்தம்? வாசல் கிழக்கே. "கிழக்கு பார்த்த சாமி" என்றாலும் அதே கணக்கு. ஸ்ரீவில்லிபுத்தூர் வடபத்ரசாயி கிழக்கு நோக்கிச் சயனித்திருக்கிறார், மதுரையில் மீனாட்சியும் சொக்கநாதரும் கிழக்கு நோக்கியிருக்கிறார்கள். அப்படியென்றால் கும்பிடப் போகும் நாம் மேற்கு பார்த்து நிற்கிறோம். சாமிதான் கிழக்கு பார்க்கிறது, பக்தன் சாமியைப் பார்க்கிறான். சர்ச் "கிழக்கு பார்த்தது" என்று ஐரோப்பியப் புத்தகங்களில் எழுதியிருந்தால் அர்த்தம் நேர்மாறு. அங்கே வாசல் மேற்கே, பலிபீடம் கிழக்குச் சுவர்ப் பக்கம், உள்ளே நிற்கும் மக்களும் குருவும் சேர்ந்து கிழக்கு பார்க்கிறார்கள். ஒரே வார்த்தை, இரண்டு எதிரெதிர்க் கட்டடம். நம்ம கோயிலைப் பார்த்துக் கட்டியிருந்தால் வாசல் கிழக்கே வந்திருக்க வேண்டுமே? பழைய மரபில் அங்கே பலிபீடம் அல்லவா இருக்கிறது.

சுவாரசியமான விஷயம், நம்ம கோயில் அமைப்போடு ஒத்துப்போவது எருசலேம் தேவாலயம்தான். மோசே காலத்து ஆசரிப்புக் கூடாரத்துக்கும் வாசல் கிழக்கே, சாலொமோன் கட்டியதற்கும் வாசல் கிழக்கே, மகா பரிசுத்த ஸ்தலம் மேற்குக் கோடியில். உள்ளே போகிறவர் மேற்கு பார்த்துப் போவார். கிழக்கே திரும்பிச் சூரியனைக் கும்பிடுவது அங்கே குற்றம். எசேக்கியேல் புத்தகத்தின் எட்டாம் அதிகாரத்தில், சுமார் இருபத்தைந்து பேர் ஆலயத்துக்கு முதுகைக் காட்டிக் கிழக்கே சூரியனைப் பணிவதைத் தீர்க்கதரிசி அருவருப்பாகக் காண்கிறார். ஆக யூத மரபிலிருந்து பிறந்த ஒரு சமயம், ஜெபத்தின் திசையை நேர் எதிராகத் திருப்பிக்கொண்டது. சும்மா நடக்கிற காரியமா இது?

நடந்தபோது அக்கம்பக்கத்தார் சந்தேகப்பட்டிருக்கிறார்கள். கார்த்தேஜ் நகரத்துத் தெர்த்துல்லியன் சுமார் 197ஆம் ஆண்டு எழுதிய தற்காப்பு நூலில், கிறிஸ்தவர்கள் சூரியனைக் கும்பிடுகிறவர்கள் என்று ஒரு பேச்சு இருப்பதைச் சொல்லி, கிழக்கு நோக்கி ஜெபிப்பதால் வந்த பேச்சு அது என்று விளக்கம் கொடுக்கிறார். இதற்கு எனக்கு ஒரு மதிப்பு உண்டு. கிழக்கு நோக்கும் வழக்கம் 2ஆம் நூற்றாண்டிலேயே வெளியாள் கவனிக்கிற அளவுக்கு ஊன்றிவிட்டது என்பதற்குச் சாட்சி இது. சர்ச் என்று தனிக் கட்டடம் பெரிதாக எழும்புவதற்கு முன்பே திசை வந்துவிட்டது. கட்டடம் பிறகு அந்தத் திசைக்கு ஏற்ப வந்தது.

3ஆம் நூற்றாண்டில் ஓரிகன் ஜெபத்தைப் பற்றி எழுதும்போது ரொம்ப நடைமுறையான ஒரு கேள்வியை எடுக்கிறார். வீட்டு வாசல் வேறு பக்கம் திறக்கிறது, அந்தப் பக்கம் பார்க்க அழகாகவும் இருக்கிறது, கிழக்கே வெறும் சுவர். எந்தப் பக்கம் பார்த்து ஜெபிப்பது? சுவரைப் பார்த்தே ஜெபியுங்கள் என்கிறார். வாசல் மனிதன் வைத்தது, கிழக்கு இயற்கையில் உள்ளது என்பது அவர் வாதம். ரோட்டுப் பக்கம் வாசல் வைத்துத்தான் ஆக வேண்டும் என்கிற நம்ம ஊர்க் கட்டடக் கமிட்டிகளுக்கு 1,700 வருஷத்துக்கு முன்பே ஒருத்தர் பதில் எழுதி வைத்துவிட்டுப் போயிருக்கிறார்.

சரி, ஏன் கிழக்கு? ஒரே காரணம் என்று எதுவும் கிடைக்காது. 4ஆம் நூற்றாண்டில் பசிலியார், நம்மில் பலருக்குக் காரணம் தெரியாமலே கிழக்கு நோக்குகிறோம் என்று ஒப்புக்கொண்டு, ஏதேன் தோட்டம் கிழக்கே நடப்பட்டது, இழந்த அந்தத் தாய்நாட்டைத் தேடித்தான் திரும்புகிறோம் என்கிறார். மல்கியா புத்தகம் மீட்பை நீதியின் சூரியனாகச் சொல்வது இன்னொரு காரணம். ஞானஸ்நானச் சடங்கில் இது நாடகமாகவே நடந்தது. எருசலேம் ஆயர் சிரில் காலத்து வழக்கப்படி, ஞானஸ்நானம் பெறுகிறவர் முதலில் இருளின் திசையான மேற்கே திரும்பிச் சாத்தானை மறுப்பார், பிறகு கிழக்கே திரும்பி விசுவாசத்தை அறிக்கையிடுவார். உடம்பே திரும்ப வேண்டும், வாய்ச்சொல் மட்டும் போதாது.

இது நம்ம நிலத்துக்கு அப்படியே ஒட்டாது என்பதையும் சொல்லிவிடுகிறேன். இங்கே மேற்கு இருளின் பக்கமாக என்றும் இருந்ததில்லை. 'மேற்கு' என்ற சொல்லே 'மேல்' என்பதிலிருந்து வருகிறது, 'கிழக்கு' 'கீழ்' என்பதிலிருந்து. நிலம் சரிகிற சரிவை வைத்துத் திசைக்குப் பெயர் வைத்தவர்கள் நாம். லத்தீனில் கிழக்குக்கான 'ஓரியன்ஸ்' என்றால் எழுவது. அவர்களுக்கு ஏறுகிற திசை நமக்குத் தாழ்கிற திசை. வைப்பாறு மேற்கே மலையில் பிறந்து கிழக்கே ஓடுகிறது. சதுரகிரி மேற்கே. தண்ணீரும் தெய்வமும் வருகிற பக்கத்தைப் பார்த்து "இருளே போ" என்று இந்த ஊர்க்காரனைச் சொல்லச் சொன்னால் கொஞ்சம் யோசிப்பான்.

ஆனால் இன்னொரு காரணம் இங்கே வேறு எங்கேயும்விட அழுத்தமாக ஒட்டும். மத்தேயு 24ஆம் அதிகாரத்தில் மனுஷகுமாரனின் வருகை மின்னலுக்கு ஒப்பிடப்படுகிறது. கிழக்கே தோன்றி மேற்கு வரை பளிச்சிடும் மின்னல். வருகிறவர் கிழக்கிலிருந்து வருவார், ஆகவே கிழக்கைப் பார்த்துக் காத்திரு என்று பழைய உரைகாரர்கள் எடுத்துக்கொண்டார்கள். விருதுநகர் மாவட்டத்துக்கு முக்கியமான மழை வடகிழக்குப் பருவமழை. ஐப்பசியில் கீழ்வானம்தான் கறுக்கும், அங்கேதான் மின்னும். வெயிலை நம்பி வளர்ந்த தொழில் இங்கே உள்ளது. அய்ய நாடாரும் சண்முக நாடாரும் 1920களின் தொடக்கத்தில் கல்கத்தா போய்த் தீப்பெட்டித் தொழில் கற்றுவந்து இந்த வறண்ட பூமியில் ஊன்றியது காய்ச்சலுக்குத் தோதான வெயிலால்தான். மருந்து கலந்த சரக்கைக் காயப்போட வெயில் வேண்டும். இடி மின்னல் வந்தால் பட்டாசு ஆலையில் வேலையை நிறுத்திவிட்டு ஆட்கள் வெளியேற வேண்டும் என்பது விதி. இடிதாங்கி இல்லாமல் ஆலை நடத்த முடியாது. காலையில் கீழ்வானத்தைப் பார்த்துத்தான் அன்றைய வேலை, அன்றைய கூலி, அன்றைய பயம் எல்லாம். இப்படிப்பட்டவர்கள் உட்கார்ந்திருக்கும் பெஞ்சுகளுக்கு முன்னால் அந்த வசனம் வாசிக்கப்படும்போது, கிழக்கு மின்னல் அவர்களுக்கு வெறும் உவமையாக இருக்காது. உரைகாரர் யாரும் சிவகாசியை நினைத்து எழுதவில்லைதான்.

இறந்தவர்களையும் இந்தத் திசை விடவில்லை. ஐரோப்பிய மரபில் தலை மேற்கே, கால் கிழக்கே வைத்துப் புதைப்பார்கள், எழுந்து நின்றால் முகம் கிழக்கே இருக்கும் என்று. 1614இல் வந்த ரோமைச் சடங்கு நூலின் வழக்கப்படி குருவுக்கு மட்டும் இது மாறும். அவரை மக்களைப் பார்த்தவாறு வைப்பார்கள். உயிரோடு இருக்கும்போது மக்களோடு சேர்ந்து கிழக்கு பார்த்தவர், இறந்த பிறகு அவர்களை நோக்கித் திரும்புகிறார்.

இவ்வளவு சொன்ன பிறகு, "அப்ப ரோமில் மட்டும் ஏன் தலைகீழா இருக்கு?" என்று கேட்பீர்கள். நியாயமான கேள்வி. புனித பேதுரு பசிலிக்காவுக்கு வாசல் கிழக்கே, நம்ம மீனாட்சி கோயில் மாதிரியே. கான்ஸ்டன்டைன் காலத்தில் எழுந்த லாத்தரன் பசிலிக்காவும் அப்படி. எருசலேமில் கிறிஸ்துவின் கல்லறை மேல் அதே காலத்தில் கட்டிய பசிலிக்காவுக்கும் கிழக்கிலிருந்துதான் நுழைய வேண்டும். அங்கெல்லாம் குரு பலிபீடத்துக்குப் பின்னால் நின்று வாசலைப் பார்ப்பார். அவர் பார்ப்பது கிழக்கு, நடுவில் மக்கள் இருக்கிறார்கள், அவ்வளவே. 5ஆம் நூற்றாண்டில் பாப்பரசர் பெரிய லியோ ஒரு கிறிஸ்துமஸ் பிரசங்கத்தில் திட்டுகிறார்: பேதுரு கோயில் படியேறும் சனங்கள் உள்ளே நுழையும் முன் திரும்பி நின்று உதிக்கும் சூரியனுக்குத் தலைவணங்குகிறார்களாம். கிழக்கு வாசல் கோயிலின் படியில் நின்று சூரியனைக் கும்பிடுவது நமக்குப் பார்த்துப் பழகிய காட்சி. ரோமிலும் இருந்திருக்கிறது என்பதில் எனக்கு ஒரு தனி சந்தோஷம்.

கீழைத் திருச்சபைகளில் பலிபீடம் கிழக்கே என்பது சீக்கிரமே கட்டுறுதியாகிவிட்டது. சுமார் 380இல் சிரியாவில் தொகுக்கப்பட்ட 'அப்போஸ்தலர் அமைப்புவிதிகள்', கோயில் நீளமாக, தலைப்பக்கம் கிழக்கே பார்க்க, கப்பல் போல இருக்க வேண்டும் என்கிறது. மேற்கில் பிடி பிறகு தளர்ந்தது. 1577இல் மிலான் பேராயர் கார்லோ பொரோமேயோ கட்டட விதிகள் எழுதியபோது, சம இரவுபகல் நாளில் சூரியன் உதிக்கும் நேர்கிழக்கைச் சொல்லிவிட்டு, இடம் ஒத்துவராவிட்டால் ஆயரின் அனுமதியோடு வேறு திசையும் ஆகலாம் என்று விட்டுக்கொடுத்தார். (விருதுநகர் அட்சரேகையில் வருஷம் முழுக்கச் சூரிய உதயம் நேர்கிழக்கிலிருந்து இரு பக்கமும் 24 டிகிரிக்குள்தான் நகர்கிறது. லண்டனில் 40 டிகிரி வரை போகும். காலைச் சூரியனை வைத்துக் கிழக்கைப் பிடிப்பது நமக்குத்தான் சுலபம்.)

திசை என்ன பெரிய விஷயம் என்று நினைத்தால், 19ஆம் நூற்றாண்டு இங்கிலாந்தைப் பார்க்க வேண்டும். ஆங்கிலிக்கன் குரு திருவிருந்து மேசையின் வடக்குப் பக்கம் நிற்பதா, மக்களுக்கு முதுகு காட்டிக் கிழக்கு பார்த்து நிற்பதா என்று ஒரு சண்டை. 1874இல் வழிபாட்டை ஒழுங்குபடுத்த ஒரு சட்டமே வந்தது, சடங்குகளில் பிடிவாதமாக இருந்த சில பாதிரிமார் சிறைக்கும் போனார்கள். 1890இல் லிங்கன் ஆயர் எட்வர்டு கிங் மீதான வழக்கில் கான்டர்பரி பேராயர் தீர்ப்புச் சொன்ன பிறகுதான் கிழக்கு நோக்கி நிற்பது குற்றமில்லை என்றானது.

பழைய கதை என்று தள்ளவும் முடியாது. சீரோ மலபார் திருச்சபையின் ஆயர் பேரவை 2021இல் ஒரே மாதிரியான குர்பானாவைக் கட்டாயமாக்கியது. முதல் பகுதியில் குரு மக்களைப் பார்ப்பார், நடுவில் பலிபீடத்தைப் பார்ப்பார், முடிவில் மறுபடி மக்களைப் பார்ப்பார். எர்ணாகுளம்–அங்கமாலி உயர்மறைமாவட்டத்தில் பெரும்பாலான குருக்களும் மக்களும் முழுக்க மக்களைப் பார்த்தே நடத்துவோம் என்று எதிர்த்தார்கள். 2022 கிறிஸ்துமஸுக்கு முந்தின நாட்களில் எர்ணாகுளம் புனித மேரி பசிலிக்காவுக்குள்ளேயே மோதல் நடந்து, பேராலயம் மூடப்பட்டது. கிறிஸ்துமஸ் ராத்திரியில் பூட்டு. ஒருவர் எந்தப் பக்கம் முகம் வைத்து நிற்பது என்பதற்காக. ஒரு தரப்புக்குக் குரு மக்களோடு சேர்ந்து நடக்கும் பயணத்தின் முன்னோடி, இன்னொரு தரப்புக்கு அவர் மேசையைச் சுற்றி உட்கார்ந்த குடும்பத்தில் ஒருவர். யார் சரி என்பது என் வேலையில்லை. இரண்டு பேருக்கும் முகம் முக்கியம் என்பது மட்டும் புரிகிறது.

இனி நம்ம பக்கத்துக்கு வருவோம். கரிசல் பூமியில் சர்ச்சுகளைப் பார்த்துக்கொண்டே போனால் வாசல்கள் எல்லாத் திசையிலும் இருக்கின்றன. காரணம் தேடினால், இங்கே வந்த மிஷன்கள் ஒரே மாதிரியானவை கிடையாது. மதுரை மிஷன் சேசு சபையினர் விட்டுக்கொடுத்த விதிகளின் காலத்தவர்கள். 1834இல் மதுரைக்கு வந்து அருப்புக்கோட்டை, மண்டபசாலைப் பக்கம் வேலை செய்த அமெரிக்க மிஷன்காரர்களின் சபை மரபில் திசைக்கு இடமே கிடையாது. சிவகாசியில் சி.எம்.எஸ். ஆங்கிலிக்கன்தான், ஆனால் கிழக்கு நோக்கும் சடங்கைச் சந்தேகத்தோடு பார்த்த சுவிசேஷப் பிரிவு. தாமஸ் கஜெத்தான் ராக்லண்ட் கேம்பிரிட்ஜில் கணிதம் படித்தவர். அவர் அங்கே இருந்த அதே காலத்தில், 1839இல், அதே பல்கலைக்கழகத்தில் சர்ச் கட்டடங்களைப் பழைய இடைக்கால முறைக்குத் திருப்ப வேண்டும், பலிபீடம் கிழக்கே இருந்தாக வேண்டும் என்று ஒரு சங்கம் கிளம்பியது. ராக்லண்டோ 1854 முதல் சிவகாசி, சாத்தூர் வட்டாரத்தில் கூடாரம் அடித்து ஊர் ஊராகச் சுற்றினார். கூடாரத்துக்குத் திசை நிழல்தான், புளியமரம் எந்தப் பக்கமோ அந்தப் பக்கம். 1858இல் சிவகாசியிலேயே இறந்துபோனார்.

பிறகு 1947இல் தென்னிந்தியத் திருச்சபை பிறந்தது. 1950இல் அது வெளியிட்ட திருவிருந்து முறையில் குரு மேசைக்குப் பின்னால் மக்களைப் பார்த்து நின்றார். கத்தோலிக்கரிடம் இது பரவலானது இரண்டாம் வத்திக்கான் சங்கத்துக்குப் பிறகுதான். பலிபீடத்தைச் சுவரிலிருந்து தள்ளி, சுற்றி வர இடம் விட்டுக் கட்டச் சொன்ன ஆணை 1964இல் வந்தது. குருவே மக்களைப் பார்க்கத் தொடங்கிய பிறகு, இருவரும் சேர்ந்து பார்க்கும் கிழக்கு என்ற காரணம் பலருக்கு மறந்துபோனது.

மறந்துபோன இடத்தில் வந்து உட்காருவது நடைமுறை. பழைய ஓட்டுக் கோயிலை இடித்துக் கான்கிரீட்டில் பெரிதாகக் கட்டும்போது முதல் கேள்வி ரோடு எந்தப் பக்கம், தேர் சுற்றிவர இடம் எங்கே என்பதுதான். மேற்கு வாசல் வைத்தால் சாயங்கால ஆராதனைக்குச் சித்திரை வெயில் நேராக உள்ளே அடிக்கும். கிழக்கு வாசல் வைத்தால் காலைப் பூசைக்கு வெளிச்சம் பலிபீடத்தில் விழும், பார்க்க நன்றாக இருக்கும், கொத்தனாருக்கும் பழகின கணக்கு. இப்படிக் கிழக்கு வாசல் வைத்தவற்றுக்கு டீக்கடையின் இரண்டாவது பதில் ஓரளவு பொருந்தத்தான் செய்கிறது. என் கருத்தைக் கேட்டால், எந்தப் பக்கம் வேண்டுமானாலும் கட்டட்டும், ஆனால் இடிக்கும் முன் பழைய கட்டடத்தின் திசையையும் கல்லறைகள் கிடக்கும் திசையையும் யாராவது ஒரு நோட்டில் குறித்து வைக்கலாம். போனில் திசைகாட்டி இருக்கிறது, ஐந்து நிமிஷ வேலை. யார் கட்டினார்கள், எந்த மரபில் கட்டினார்கள் என்பதற்குக் கல்வெட்டு இல்லாத ஊரில் அது ஒரு தடயம்.

மிஷன் அறிக்கைகளில் வேலை செய்கிறவர்களுக்கு ஒரு குறிப்பு. அவற்றில் "கிழக்கு ஜன்னல்", "கிழக்குக் கோடி" என்று வந்தால் அப்படியே நம்பி வரைபடம் போட்டுவிடாதீர்கள். பலிபீடம் உண்மையில் வடக்கே இருந்தாலும் அந்தப் பக்கத்தைக் கிழக்கு என்றே எழுதுவது ஆங்கிலேயரின் கட்டட வழக்கு. செயற்கைக்கோள் படத்தைத் திறந்து, கூரையின் நீளம் எந்தப் பக்கம் ஓடுகிறது, கோபுரம் எந்த முனையில் நிற்கிறது என்று பார்த்துவிட்டுப் பிறகு எழுதுங்கள்.